வரப்பும் வேலியும்: சமாதானமான பிறகு வழக்கு என்ன ஆகிறது?

குற்றம் சாட்டப்பட்டவரைத் தமிழ்நாட்டு நீதிமன்றக் காகிதங்கள் 'எதிரி' என்றே எழுதுகின்றன. முதலாம் எதிரி, இரண்டாம் எதிரி என்று எண் போட்டு வரிசைப்படுத்துவார்கள். கடலைத் தாண்டி யாழ்ப்பாணத்து மேல் நீதிமன்றத்துக்குப் போனாலும் அதே சொல்தான். பொலிஸ், போலீஸ் என்று எழுத்து மாறும். நீதவான், மாஜிஸ்திரேட் என்று பெயர் மாறும். எதிரி மட்டும் இரண்டு கரையிலும் எதிரிதான்.

ஆனால் ஊரில் எதிரி நெடுநாள் எதிரியாக இருப்பதில்லை. அடித்தவனும் அடிபட்டவனும் அடுத்த ஆண்டு ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். கொடுக்க வேண்டியதைக் கொடுத்து, கேட்க வேண்டிய மன்னிப்பைக் கேட்டு, பெரியவர்கள் முன்னால் வெற்றிலை பாக்கு மாற்றிக்கொண்டு விடுகிறார்கள். அப்போது நீதிமன்றத்தில் கிடக்கும் வழக்கு என்ன ஆவது? குற்றம் அரசுக்கு எதிரானது என்பது சட்டத்தின் அடிப்படை. அடிபட்டவர் மன்னித்துவிட்டார் என்பதற்காக அரசும் மன்னிக்க வேண்டுமா?

இந்தக் கேள்விக்கு இந்தியாவும் இலங்கையும் வேறு வேறு விடை கண்டிருக்கின்றன. இரண்டிலும் நல்லது உண்டு, இரண்டிலும் ஓட்டையும் உண்டு. ஒரே தாய்ச் சட்டத்தில் பிறந்த இரண்டு பிள்ளைகள் எப்படிப் பிரிந்து வளர்ந்தன என்று பார்த்தால், நம் ஊர்ச் சண்டைகளை நாம் எங்கே கொண்டுபோய் முடிக்க வேண்டும் என்பது தெளிவாகும்.

ஒரே வேர்

இந்தியத் தண்டனைச் சட்டம் 1860இல் வந்தது. அதை முன்மாதிரியாக வைத்து இலங்கையின் தண்டனைச் சட்டக்கோவை 1883இல் எழுதப்பட்டது. குற்றவியல் நடைமுறைக்கான சட்டங்களோ இரு நாட்டிலும் ஒரே ஆண்டில், 1898இல் வந்தன. 'குற்றத்தை மறைக்கப் பணம் வாங்குவதே ஒரு குற்றம். ஆனால் சில சிறு குற்றங்களை அடிபட்டவரே சமரசம் செய்துகொள்ளலாம்' என்ற ஆங்கிலேயர் காலத்து ஏற்பாடு இரண்டிலும் இருந்தது. எந்தக் குற்றங்களை, யார் சமரசம் செய்துகொள்ளலாம் என்று ஒரு பட்டியல். பட்டியலில் உள்ளது முடியும், இல்லாதது முடியாது.

சுதந்திரத்துக்குப் பிறகும் அந்தப் பட்டியல் நின்றது. இந்தியாவில் 1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 320ஆம் பிரிவாக இருந்து, 2024 ஜூலை 1 முதல் புதிய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவாகத் தொடர்கிறது. இலங்கையில் 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 266ஆம் பிரிவாக இருக்கிறது. சமரசம் ஏற்கப்பட்டால் எதிரி விடுதலை ஆனதாகவே பொருள்.

பட்டியலுக்கு வெளியே உள்ளதை என்ன செய்வது என்ற இடத்தில்தான் இரண்டு நாடுகளும் பிரிகின்றன. இதைத் தத்துவமாகப் பேசுவதைவிட ஒரு சண்டையைக் கற்பனை செய்துகொண்டு, அதை இரண்டு ஊரிலும் நடத்திப் பார்ப்போம்.

ஸ்ரீவைகுண்டத்தில் ஒரு வரப்பு

தாமிரபரணிப் பாசனத்தில் பக்கத்துப் பக்கத்து வயல். இரவோடு இரவாக வரப்பை ஒரு சாண் நகர்த்திவிட்டான் என்று வாய்ச் சண்டை. கெட்ட வார்த்தை பறக்கிறது. கையில் இருந்த கதிர் அரிவாள் ஒருவர் முன்கையைக் கிழித்துவிடுகிறது. அரசு மருத்துவமனையில் மூன்று தையல், காயத்தைப் பதிவு செய்து ஏ.ஆர். காப்பி எழுதுகிறார்கள், போலீஸ் வருகிறது, எஃப்.ஐ.ஆர். பதிவாகிறது. ஆபாசமாகத் திட்டியது, கையால் அடித்தது, ஆயுதத்தால் காயப்படுத்தியது, மிரட்டியது என, பழைய சட்டத்தில் 294(பி), 323, 324, 506(2) என்று நான்கு எண்களும் ஒன்றாகவே வரும். தமிழ்நாட்டுக் கிராமத்து அடிதடி வழக்குகளைப் பார்த்தவர்களுக்கு இந்த எண்கள் மனப்பாடம். புதிய சட்டத்தில் எண்கள் மாறிவிட்டன; வழக்கு மாறவில்லை.

ஆறு மாதத்தில் கோபம் தணிகிறது. சர்வேயரை வைத்து அளந்து வரப்பைச் சரிசெய்துகொள்கிறார்கள். மருத்துவச் செலவைக் கொடுத்தாயிற்று. இருவரும் உள்ளூர் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் போய், "ஐயா, எங்களுக்குள்ள பேசித் தீத்துக்கிட்டோம்" என்கிறார்கள். முடியாது என்கிறது சட்டம். கையால் அடித்தது பட்டியலில் உண்டு. ஆயுதத்தால் காயப்படுத்தியது ஒரு காலத்தில் பட்டியலில் இருந்தது; பின்னர் வந்த திருத்தத்தில் நீக்கப்பட்டது. பொது இடத்தில் ஆபாசமாகத் திட்டியதும் பட்டியலில் இல்லை.

இதில் உள்ள முரணைக் கவனியுங்கள். கையால் அடித்து எலும்பை முறித்தால் அது கொடுங்காயம். நீதிமன்ற அனுமதியோடு சமரசம் செய்துகொள்ளலாம். அரிவாள் நுனி பட்டு மூன்று தையல் போட்டால் முடியாது. எலும்பு முறிந்தவர் உள்ளூரிலேயே வழக்கை முடித்துக்கொள்கிறார். தோல் கிழிந்தவர் உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும்.

ஆகவே சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகிறார்கள். விடியற்காலை பஸ். வழக்கறிஞர் வைத்து, வழக்கை ரத்து செய்யக் கோரும் குவாஷ் மனு போட வேண்டும். இரு தரப்பும் கையெழுத்திட்ட கூட்டு சமரச மெமோ, உறுதிமொழிப் பத்திரம், ஆதார் நகல். அழைக்கும் நாளில் இருவரும் நேரில் நிற்க வேண்டும். 'இன்னார்தான் இவர்' என்று காவல் நிலையத்திலிருந்து வந்த அதிகாரி அடையாளம் சொல்ல வேண்டும். நீதிபதி புகார்தாரரைப் பார்த்து, யாரும் மிரட்டினார்களா, சொந்த விருப்பத்தில்தான் சமாதானம் ஆனீர்களா என்று கேட்பார். "ஆமாங்கய்யா" என்ற ஒரு வார்த்தைக்காக அத்தனை தூரம் வந்திருப்பார்கள். சில நிமிடத்தில் வழக்கு ரத்து.

அந்தச் சில நிமிடத்தை நான் குறைவாக எண்ணவில்லை. ஒரு நீதிபதி, அடிபட்டவரின் முகத்தைப் பார்த்து நேரடியாகக் கேட்கும் அந்தக் கேள்விதான் இந்திய முறையின் உயிர். ஆனால் அதைக் கேட்க மதுரைக்கோ சென்னைக்கோ வரவழைக்க வேண்டுமா என்பதுதான் என் கேள்வி.

டெல்லி போட்ட பாதை

பட்டியலில் இல்லாததை உயர் நீதிமன்றம் எப்படி முடிக்கிறது? நீதியின் நோக்கத்தைக் காக்க உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரம் என்று ஒன்றைச் சட்டம் ஒப்புக்கொண்டிருக்கிறது. பழைய 482ஆம் பிரிவு, இப்போது 528. அந்த அதிகாரத்தைச் சமரசத்துக்குப் பயன்படுத்தலாமா என்பது பல ஆண்டு வாதம்.

2003இல் பி.எஸ். ஜோஷி வழக்கில் உச்ச நீதிமன்றம் முதல் கதவைத் திறந்தது. கணவன் வீட்டார் கொடுமை பற்றிய 498ஏ வழக்கு அது. மனைவியே சமாதானமாகி, பரஸ்பர சம்மதத்தில் பிரிந்துவிட்ட பிறகும், பட்டியலில் இல்லை என்று உயர் நீதிமன்றம் கைவிரித்தது. அது தவறு, பட்டியல் உயர் நீதிமன்றத்தின் கையைக் கட்டாது என்றது உச்ச நீதிமன்றம். அதன் பிறகு வந்த சில தீர்ப்புகள் சரியா என்று உச்ச நீதிமன்றத்திலேயே ஐயம் எழுந்தது. 2012 செப்டம்பரில் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு முடிவு சொன்னது: குடும்பம், வணிகம், பணம், பாகப்பிரிவினை போன்று தனிப்பட்ட தன்மை மேலோங்கிய வழக்குகளை, தண்டனை கிடைக்கும் வாய்ப்பு மங்கிவிட்ட நிலையில், ரத்து செய்யலாம். கொலை, பாலியல் வல்லுறவு, கொள்ளை போன்றவற்றை, குடும்பமே சமாதானமானாலும், ரத்து செய்யக் கூடாது. அவை சமூகத்துக்கு எதிரானவை.

2014இல் நரிந்தர் சிங் வழக்கு, கொலை முயற்சி வழக்குகளுக்கு அளவுகோல் கொடுத்தது. எஃப்.ஐ.ஆரில் என்ன பிரிவு போட்டிருக்கிறார்கள் என்பதோடு நின்றுவிடாதே. காயம் எங்கே, ஆயுதம் என்ன, மருத்துவ அறிக்கை என்ன சொல்கிறது என்று பார். எந்தக் கட்டத்தில் வந்திருக்கிறார்கள் என்றும் பார். விசாரணை தொடங்கும் முன்பே வந்தால் தாராளமாக இரு. சாட்சியம் முடிந்து தீர்ப்பு வரும் வேளையில் வந்தால் தயங்கு. 2017இல் பர்பத்பாய் ஆஹிர் வழக்கு, நாட்டின் பொருளாதாரத்தைத் தாக்கும் மோசடிகளைச் சமரசத்தின் பெயரில் கழற்றிவிடக் கூடாது என்று எல்லை போட்டது.

இந்த வழியை நான் வரவேற்கக் காரணம் ஒன்று உண்டு. கதவே இல்லாத நாளில் என்ன நடந்தது? வெளியே சமாதானம் பேசிவிட்டு, உள்ளே கூண்டில் ஏறி, "இருட்டா இருந்துச்சு, யார் அடிச்சாங்கன்னு தெரியல" என்று சொன்னார்கள். பிறழ் சாட்சி. வழக்கு விடுதலையில் முடிந்தது; ஆனால் சத்தியம் செய்த வாயால் பொய் சொன்ன பிறகு. இணங்கிப் போன மனிதரைப் பொய்யராக்கிய பின்பே வெளியே விடும் சட்டத்தில் நியாயம் இல்லை. உண்மையைச் சொல்லி வெளியே வர ஒரு வாசல் வேண்டும். அதை இந்திய நீதிமன்றங்கள் திறந்தன.

சாவகச்சேரியில் ஒரு வேலி

இப்போது அதே சண்டையை யாழ்ப்பாணத்துத் தென்மராட்சிக்குக் கொண்டுபோவோம். அங்கே வரப்புக்குப் பதில் வேலி. கதியால், அதாவது வேலிக் கம்பு, நட்ட இடம் யாருடைய காணி என்று தகராறு. யாழ்ப்பாணத்தில் வேலிச் சண்டை என்பது வெறும் நிலத் தகராறு அல்ல, மானப் பிரச்சினை. அடைத்த வேலியை ஒருவர் பிடுங்க, மற்றவர் கதியாலால் ஒன்று போட, தோளில் காயம். பொலிஸில் முறைப்பாடு.

இலங்கையில் இந்த இடத்தில் இன்னொரு வாசல் இருக்கிறது. 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்க மத்தியஸ்த சபைகள் சட்டம். காயப்படுத்துதல், அத்துமீறி நுழைதல், சொத்துக்குச் சேதம் விளைவித்தல், மிரட்டல் போன்ற பல குற்றங்கள் அந்தச் சட்டத்தின் அட்டவணையில் உள்ளன. அட்டவணையில் உள்ள பிணக்கு முதலில் சபைக்குப் போக வேண்டும். அங்கே இணக்கம் எட்டப்படவில்லை என்று சான்றிதழ் பெற்ற பிறகே நீதிமன்றக் கதவு திறக்கும். பொலிஸ் நிலையங்களும் சிறு முறைப்பாடுகளைச் சபைக்கு அனுப்பிவைக்கின்றன.

சபை கூடுவது பெரும்பாலும் சனி அல்லது ஞாயிறில், ஊர்ப் பாடசாலையிலோ பொது மண்டபத்திலோ. வார நாளில் பிள்ளைகள் உட்காரும் வாங்கில் அன்றைக்குச் சண்டைக்காரர்கள் உட்காருவார்கள். எதிரே மூன்று மத்தியஸ்தர்கள்: ஒரு தரப்பு தெரிந்தெடுத்த ஒருவர், மறு தரப்பு தெரிந்தெடுத்த ஒருவர், அந்த இருவரும் சேர்ந்து தெரிந்தெடுத்த தலைவர். ஓய்வுபெற்ற ஆசிரியர், அதிபர், அரசாங்க உத்தியோகத்தராக இருந்தவர் போன்றோர். பயிற்சி பெற்றவர்கள், சம்பளம் வாங்காதவர்கள். கறுப்பு அங்கி கிடையாது. சட்டத்தரணி பேச அனுமதி கிடையாது. அவரவர் வாயால் அவரவர் பேச வேண்டும்.

"அவர் பிடுங்கினது பிழைதான். ஆனா நான் கை வைச்சதும் பிழை" என்று ஒருவர் சொல்லும் வரை பேச்சு நீளும். நீதிமன்றத்தில் இந்த வாக்கியம் ஒருபோதும் வராது. வந்தால் அது ஒப்புதல் வாக்குமூலம். சபையில் அதுதான் முடிவின் தொடக்கம். நட்டஈடு எவ்வளவு, வேலி எங்கே, யார் செலவில் என்று எழுதி, இரு தரப்பும் ஒப்பமிட்டால் பிணக்கு முடிந்தது. எதிரி என்ற சொல் அந்தக் காகிதத்தில் ஏறவே இல்லை.

இந்த ஏற்பாடு ஒரே நாளில் வரவில்லை. 1958இல் இணக்க சபைகளுக்கான சட்டம் வந்தது. அவற்றின் நியமனங்களில் அரசியல் புகுந்தது என்ற குறை வலுத்து, 1970களின் பிற்பகுதியில் அவை கைவிடப்பட்டன. அந்தப் பாடத்தைக் கற்றே 1988இன் சட்டம், நியமனத்தை அமைச்சரிடம் விடாமல் ஒரு தனி ஆணைக்குழுவிடம் கொடுத்தது. இன்று நாடு முழுதும் முந்நூறுக்கு மேற்பட்ட சபைகள் இருக்கின்றன. ஊரில் பழையவர்கள் இப்போதும் 'இணக்க சபை' என்றே சொல்கிறார்கள். 2003இல் தனிவகைப் பிணக்குகளுக்கு என்று இன்னொரு சட்டம் வந்து, போரும் கடல்கோளும் குலைத்துப்போட்ட காணித் தகராறுகளுக்கு மத்தியஸ்தம் பேச வழி செய்தது.

குறை இல்லையா? உண்டு. சபையில் ஒப்புக்கொண்டதை ஒருவர் மீறினால், சபையால் அவரைக் கட்டாயப்படுத்த முடியாது. மற்றவர் மறுபடி நீதிமன்றப் படி ஏற வேண்டும். மத்தியஸ்தர்களின் நேரமும் பெரும்பகுதி வங்கிக் கடன் தகராறுகளில் கரைகிறது.

சபைக்கு மேலே என்ன?

இலங்கையின் கீழ்வாசல் அகலமானது. மேல்வாசல் வேறு மாதிரி. அட்டவணையையும் 266ஆம் பிரிவையும் தாண்டிய குற்றமானால், சமரசத்தைக் காட்டி வழக்கை ரத்து செய்யும் மரபு, இந்திய உயர் நீதிமன்றங்களில் வளர்ந்ததுபோல், அங்கே வளரவில்லை. மேல் நீதிமன்றத்தில் குற்றப்பகர்வுப் பத்திரம் தாக்கல் செய்யப்பட்டபின் வழக்கு, அரசின் தலைமைச் சட்ட அதிகாரியான சட்டமா அதிபரின் கையில். அதைத் தொடர்வதா, திரும்பப் பெறுவதா, குறைந்த குற்றத்தை ஏற்க ஒப்புக்கொள்வதா என்பது அவர் முடிவு. அடிபட்டவரும் எதிரியும் சமாதானம் ஆகியிருந்தால், அது நட்டஈடாகவும் ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனையாகவும் தீர்ப்பில் எதிரொலிக்கலாம், வழக்கை அழிக்காது.

இதில் ஒரு நன்மை இருக்கிறது. பணம் படைத்தவர் பெரிய குற்றத்தை விலை பேசி நீதிமன்றத்தில் கரைத்துவிட முடியாது. தீமையும் இருக்கிறது. வழக்கைக் கைவிடும் முடிவு ஓர் அலுவலகத்தில், கடிதத்தில் நடக்கிறது. 2025ஆம் ஆண்டின் தொடக்கத்தில், பத்திரிகையாளர் லசந்த விக்கிரமதுங்கவின் கொலையோடு தொடர்புடைய வழக்கில் மூன்று சந்தேகநபர்களை விடுவிக்கும்படி சட்டமா அதிபர் அனுப்பிய அறிவுறுத்தல் பெரும் எதிர்ப்பைக் கிளப்பி, பின்னர் மீளப் பெறப்பட்டது. அங்கே சமரசம் எதுவும் இல்லை. ஆனால் வழக்கை முடிக்கும் அதிகாரம் மூடிய அறையில் இருந்தால் என்ன ஆகும் என்பதை அது காட்டியது. சட்டமா அதிபரின் முடிவும் நீதிமன்ற ஆய்வுக்கு உட்பட்டதே என்று 1998இல் விக்டர் ஐவன் வழக்கில் இலங்கை உயர் நீதிமன்றம் (அங்கே உச்ச நீதிமன்றத்துக்கு அதுதான் பெயர்) சொல்லியிருக்கிறது. ஆனால் ஆய்வு கேட்டுப் போவதற்கு எத்தனை குடும்பங்களுக்குத் தெம்பு இருக்கும்?

இரண்டையும் பக்கத்தில் வைத்தால் படம் தெளிவாகிறது. இந்தியாவில் வாசல் உச்சியில் இருக்கிறது: அகலம், வெளிச்சம், ஆனால் ஏறச் செலவு. இலங்கையில் வாசல் தரையில் இருக்கிறது: பக்கம், மலிவு, ஆனால் சிறிய பிணக்குகளுக்கு மட்டும். இந்தியாவில் பெரிய வழக்கில் நீதிபதி திறந்த மன்றில் காரணம் எழுதி முடிக்கிறார். இலங்கையில் பெரிய வழக்கை அரச சட்டத்தரணி கோப்பில் முடிக்கிறார்.

சமாதானம் என்ற பெயரில்

இதுவரை சொன்னது சம பலம் உள்ள இரண்டு பேருடைய சண்டை. எல்லாச் சண்டையும் அப்படி இல்லை.

தமிழ்நாட்டில் 'கட்டப்பஞ்சாயத்து' என்ற சொல்லுக்கு விளக்கம் தேவையில்லை. 'எழுதிக் கொடுத்துட்டுப் போ' என்று காவல் நிலையத் திண்ணையில் வாங்கும் கையெழுத்து எவ்வளவு விருப்பத்தோடு போடப்பட்டது என்பதும் நமக்குத் தெரியும். ஊரில் வேலையும், குடிநீரும், தெருவும் ஆதிக்க சாதியின் கையில் இருக்கும்போது, வன்கொடுமை வழக்கில் புகார் கொடுத்த தலித் குடும்பம் ஆறு மாதத்தில் "சமாதானம் ஆயிட்டோம்" என்று வந்து நின்றால், நீதிபதி அந்த வார்த்தையை அப்படியே எடுத்துக்கொள்ளலாமா? 2021இல் ராமாவதார் வழக்கில் உச்ச நீதிமன்றம், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் வந்த ஒரு வழக்கைச் சமரசத்தின் பேரில் முடித்தது. ஆனால் சாதி காரணமாக நடந்த குற்றமா என்று பார்க்க வேண்டும், வற்புறுத்தல் உண்டா என்று கூடுதல் கவனத்தோடு ஆராய வேண்டும் என்றும் எச்சரித்தது. அந்த எச்சரிக்கைதான் அந்தத் தீர்ப்பில் நாம் பிடித்துக்கொள்ள வேண்டியது.

பெண்கள் விஷயத்தில் நீதிமன்றமே தடுமாறியதுண்டு. 2015இல் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவர், பாலியல் வல்லுறவு வழக்கில் தண்டனை பெற்றவரைப் பாதிக்கப்பட்ட பெண்ணோடு மத்தியஸ்தம் பேச வழிசெய்து பிணையில் விட்டார். அந்தப் பெண் உடன்படவில்லை. அடுத்த சில நாட்களில், மத்தியப் பிரதேசத்து மதன்லால் வழக்கில், வல்லுறவில் சமரசம் என்ற எண்ணத்துக்கே இடமில்லை என்றது உச்ச நீதிமன்றம். சென்னை உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. 2020இல் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம், பெண்ணிடம் அத்துமீறியவரை அவள் வீட்டுக்கே போய் ராக்கி கட்டிக்கொள்ளச் சொல்லிப் பிணை கொடுத்தது. 2021இல் உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. 2024 நவம்பரில், ராஜஸ்தானில் மாணவியிடம் அத்துமீறியதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஆசிரியரும் மாணவியின் தந்தையும் செய்துகொண்ட சமரசத்தை ஏற்று உயர் நீதிமன்றம் ரத்து செய்த, குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்ட வழக்கை, உச்ச நீதிமன்றம் மீண்டும் உயிர்ப்பித்தது. குழந்தையின் உடலுக்குத் தகப்பன் விலை சொல்ல முடியாது.

இலங்கையில் ஆபத்து கீழ்வாசலில் இருக்கிறது. 498ஏ போன்ற தனிக் குற்றப்பிரிவு அங்கே இல்லை. 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் பாதுகாப்புக் கட்டளை வாங்க வழி செய்கிறது. ஆனால் கணவன் அடித்த அடி 'சிறு காயம்' என்று எழுதப்பட்டுவிட்டால், அது வேலிச் சண்டையோடு சேர்ந்து மத்தியஸ்த சபை வாசலுக்கு வந்து நிற்கும். "குடும்பம் எண்டா இப்பிடித்தான், பிள்ளையளுக்காகப் பொறுத்துப் போ தங்கச்சி" என்று ஊர்ப் பெரியவர் சொன்னால் அந்தப் பெண் எதைச் சொல்ல முடியும்? ஒப்பம் போடுவாள், அதே வீட்டுக்குத் திரும்புவாள். வேலிக்கு அந்தப் பக்கம் இருப்பவரோடு சமாதானம் செய்துகொண்டு வீட்டுக்குப் போகலாம். வேலிக்கு உள்ளேயே இருப்பவரோடு செய்த சமாதானத்துக்கு இரவில் காவல் யார்? பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்க 2015இல் வந்து, 2023இல் புதுப்பிக்கப்பட்ட சட்டம், முறைப்பாட்டை வாபஸ் வாங்கும்படி மிரட்டுவதைத் தண்டிக்கிறது. மிரட்டலைத் தண்டிக்கலாம். அன்பான குரலில் வரும் நெருக்கடியை எந்தச் சட்டம் பிடிக்கும்?

ஒன்றிடமிருந்து ஒன்று

என் முடிவு இது. சமரசம் அடிபட்டவரின் உரிமை; எதிரியின் உரிமை அல்ல, கோர்ட்டின் பாரத்தைக் குறைக்கும் கருவியும் அல்ல. வழக்கு தேங்கிவிட்டது, எண்ணிக்கையைக் குறைக்க வேண்டும் என்ற அவசரத்தில் இதைப் பேசத் தொடங்கினால் இளைத்தவர்தான் நசுங்குவார்.

இந்தியா இலங்கையிடம் கற்க வேண்டியது தரையில் வாசல் வைப்பதை. அரிவாள் நுனி பட்ட மூன்று தையல் வழக்கையும், திட்டிய வழக்கையும் உள்ளூர் மாஜிஸ்திரேட்டே, அடிபட்டவரை நேரில் கேட்டு, அனுமதி கொடுத்து முடிக்கும்படி பட்டியலைத் திருத்த வேண்டும். உயர் நீதிமன்றத்தில் கேட்கும் அதே கேள்வியை ஸ்ரீவைகுண்டத்திலேயே கேட்கலாம். நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையத்தை 2005இலேயே தொடங்கிய பெருமை சென்னை உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. 2023இன் இந்திய மத்தியஸ்தச் சட்டமும் ஊர் அமைதியைப் பாதிக்கும் தகராறுகளுக்கு மூவர் கொண்ட சமுதாய மத்தியஸ்தக் குழுவைப் பேசுகிறது. முப்பது ஆண்டுக்கு மேலாக அதை நடத்திக்காட்டிய அனுபவம் பாக்கு நீரிணைக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. போய்ப் பார்த்துவிட்டு வர அதிக தூரம் இல்லை.

இலங்கை இந்தியாவிடம் கற்க வேண்டியது வெளிச்சத்தை. பெரிய வழக்கைச் சட்டமா அதிபர் கைவிடும்போது, திறந்த மன்றில் காரணம் சொல்ல வேண்டும். அதற்கு முன் பாதிக்கப்பட்டவரைக் கேட்க வேண்டும். எந்தக் குற்றத்தைச் சமாதானம் பேசலாம், எதைப் பேசக் கூடாது, எந்தக் கட்டத்தில் பேசலாம் என்று கியான் சிங், நரிந்தர் சிங் தீர்ப்புகள் வகுத்ததைப்போல எழுதிய அளவுகோல் வேண்டும். வீட்டுக்குள் நடந்த அடியைச் சபைக்கு அனுப்பும் முன், அந்தப் பெண்ணைத் தனியாக ஒருவர் கேட்க வேண்டும்.

சட்டம் திருந்தும் வரை காத்திருக்கத் தேவையில்லாத ஒன்று நம் கையிலேயே இருக்கிறது. இரண்டு கரையிலும், வழக்கு நீதிமன்றத்துக்குப் போகும் முன்னும் போன பின்னும், சமாதானம் பேச உட்காருவது ஊரின் பெரியவர்கள்தாம். அப்படி உட்காரும் ஒவ்வொருவரிடமும் ஒரு வேண்டுகோள். அடிபட்டவரை முதலில் பேச விடுங்கள். அவர் சொந்தக்காரர்களை வெளியே அனுப்பிவிட்டு, தனியாகப் பேச விடுங்கள். தொகையைப் பற்றிப் பேசும் முன், சமாதானம் வேண்டுமா என்று கேளுங்கள். 'வேண்டாம்' என்று அவர் சொன்னால், அந்த வார்த்தையோடு எழுந்து வந்துவிடுங்கள்.